படம் சொல்வதும் படத்தின் பேரால் சொல்லப்படுவதும்

1984 அக்டோபரில் முதல்வர் எம்.ஜி.ஆர். சென்னை அப்பல்லோ மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார். அடுத்த மாதம் சிகிச்சைக்காக நியூயார்க்கின் புரூக்ளினுக்குக் கொண்டுசெல்லப்பட்டார். அவர் இறந்துவிட்டார், செய்தியை மறைக்கிறார்கள் என்ற பேச்சு தமிழகமெங்கும் பரவியது. மறுப்பறிக்கைகளால் அடங்காத அந்தப் பேச்சுக்கு அவருடைய கட்சி படத்தால் பதில் சொன்னது. மருத்துவமனையில் அவர் இருக்கும் காட்சிகள் ஊர் ஊராகத் திரையிடப்பட்டன. பிரசாரத்துக்கு வராமலேயே அந்த டிசம்பர் தேர்தலில் அவர் ஆண்டிப்பட்டியில் வென்றார். 32 ஆண்டுகள் கழித்து, 2016 செப்டம்பர் 22 அன்று அதே அப்பல்லோவில் முதல்வர் ஜெயலலிதா சேர்க்கப்பட்டார். டிசம்பர் 5 வரை 75 நாட்கள் அங்கே இருந்தார். ஒரு படமாவது வெளியிடுங்கள் என்று எதிர்க்கட்சித் தரப்பிலிருந்து மு. கருணாநிதியே கேட்டார், வரவில்லை. உண்மைப் படம் இல்லாத இடத்தில், தீவிர சிகிச்சைப் பிரிவில் யாரோ படுத்திருக்கும் வெளிநாட்டுப் படம் அவருடையதாகக் கைபேசிகளில் சுற்றியது.

படம் வந்தால் வதந்தி அடங்கும், வராவிட்டால் பெருகும் என்று இந்த இரண்டையும் வைத்து முடிவுகட்டத் தோன்றும். 2017 டிசம்பர் 20 அந்த முடிவைக் குலைத்தது. ஆர்.கே. நகர் இடைத்தேர்தல் வாக்குப்பதிவுக்கு முந்தைய நாளான அன்று, ஜெயலலிதா மருத்துவமனைக் கட்டிலில் பழச்சாறு அருந்தும் காணொளி வெளியானது. ஆனால் அது எந்த நாளில் எடுக்கப்பட்டது, யார் எடுத்தது, ஏன் இப்போது வெளியிடுகிறார்கள் என்று கேள்விகள் கூடினவே தவிர, சந்தேகம் தீரவில்லை. அவருடைய மரணத்தை விசாரித்த ஆறுமுகசாமி ஆணையத்தின் அறிக்கை 2022 அக்டோபரில் சட்டமன்றத்தில் வைக்கப்பட்ட பிறகும் விவாதம் ஓயவில்லை. புகழ்பெற்றவரின் படம் ஒன்று கைக்கு வரும்போது அதை எதன் பேரில் நம்புவது, சரிபார்க்கும் பொறுப்பு யாருடையது என்ற கேள்விக்குச் சட்டம், கருவி, சரிபார்ப்பு அமைப்பு, வாசகர் பயிற்சி என நான்கு விடைகள் காலந்தோறும் முன்வைக்கப்படுகின்றன. நான்கிலும் உண்மை உண்டு. நான்கிலும் ஓட்டையும் உண்டு. படத்தை மட்டும் உற்றுப் பார்ப்பதை விட, அந்தப் படத்துக்குப் பொறுப்பேற்பவர் யார், சம்பவத்துக்கு அருகில் இருப்பவர் யார் என்று தேடுவதே உறுதியான வழி என்பது இக்கட்டுரையின் வாதம்.

வதந்தி எங்கே முளைக்கிறது

வதந்தியைப் பற்றிய அறிவியல் ஆய்வுக்கு இந்தியாவில் ஒரு முக்கியமான தொடக்கம் உண்டு. 1934 ஜனவரி 15 அன்று பீகாரை உலுக்கிய நிலநடுக்கத்துக்குப் பின் எழுந்த வதந்திகளைத் திரட்டி ஜமுனா பிரசாத் என்ற உளவியலாளர் 1935இல் ஆய்வுக் கட்டுரை எழுதினார். அதிர்ச்சியை உணர்ந்தும் சேதத்தை நேரில் காணாத பகுதிகளில், இன்னும் பெரிய அழிவு வரப்போகிறது என்ற பேச்சு பரவலாக இருந்தது. பின்னாளில் துர்கானந்த் சின்ஹா டார்ஜிலிங் நிலச்சரிவை ஆராய்ந்தார். சேதத்தைக் கண்ணால் கண்டவர்களிடையே அந்த அளவு மிகைப்பேச்சு இல்லை. இவ்விரண்டுக்கும் உள்ள வேறுபாடு பின்னர் உளவியலாளர் லியான் ஃபெஸ்டிங்கரின் அறிவுசார் முரண்பாட்டுக் கோட்பாட்டுக்கே உதவியது. இதற்கிடையே 1947இல் ஆல்போர்ட், போஸ்ட்மேன் என்ற அமெரிக்க உளவியலாளர்கள் வதந்தியின் வலுவுக்கு இரண்டு காரணங்களைச் சொன்னார்கள்: விஷயம் மக்களுக்கு முக்கியமானதாக இருக்க வேண்டும், அதைப் பற்றிய தகவல் தெளிவின்றி இருக்க வேண்டும். இவற்றில் ஒன்று இல்லையென்றாலும் வதந்தி நிற்காது என்றார்கள். 1984க்கும் 2016க்கும் இது அப்படியே பொருந்துகிறது.

இந்தச் சூத்திரத்துக்குள் அடங்காத ஒன்றும் உண்டு. அது வருமானம். தமிழ்த் திரையுலகம் இதை 1940களிலேயே கண்டது. லட்சுமிகாந்தன் நடத்திய ‘சினிமா தூது’ நடிகர் நடிகையரின் அந்தரங்கம் என்று எழுதியே விற்றது. திரைத்துறையினர் ஆளுநர் ஆர்தர் ஹோப்பிடம் மனு கொடுக்க, அதன் உரிமம் ரத்தானது. லட்சுமிகாந்தன் ‘இந்து நேசன்’ என்ற வேறு இதழுடன் திரும்பி வந்தார். 1944 நவம்பரில் வேப்பேரியில் அவர் கத்தியால் குத்தப்பட்டு இறந்தார். அந்த வழக்கில் தண்டிக்கப்பட்ட தியாகராஜ பாகவதரும் என்.எஸ். கிருஷ்ணனும் 1947இல்தான் விடுதலையானார்கள். இன்று அந்தச் சந்தை யூடியூப் முகப்புப் படங்களில் இருக்கிறது. உயிரோடு இருக்கும் நடிகரின் படத்துக்கு மாலை போட்டு, பக்கத்தில் குத்துவிளக்கு வைத்து, ‘சற்றுமுன்’ என்று சிவப்பில் எழுதினால் பார்வைகள் குவிகின்றன. 2013இல் நடிகை கனகா, தான் இறக்கவில்லை என்று செய்தியாளர்கள் முன் வந்து நிற்க வேண்டியதாயிற்று. 2020 ஜூனில் பாடகி எஸ். ஜானகி இறந்துவிட்டார் என்று பரவியதைக் குடும்பத்தினர் மறுத்தனர். கவுண்டமணியைப் பற்றி இப்படிப் பல முறை வந்துவிட்டது. இங்கே தெளிவின்மை தானாக உண்டாவதில்லை. அதை உண்டாக்குபவருக்குக் கூலி கிடைக்கிறது.

எல்லாப் பொய்க்கும் இப்படி ஒரு வியாபாரி இருக்கிறார் என்றும் சொல்லிவிட முடியாது. 2023 ஆகஸ்டில் கன்னட நடிகர் விஜய் ராகவேந்திராவின் மனைவி ஸ்பந்தனா காலமானார். அடுத்த மாதமே, ‘குத்து’, ‘பொல்லாதவன்’ படங்களில் நடித்த திவ்யா ஸ்பந்தனா இறந்துவிட்டார் என்ற செய்தி பெரிய ஊடகங்கள் வரை ஏறியது. அப்போது ஜெனீவாவில் இருந்த அவரைத் தொலைபேசியில் பிடித்துப் பேசிய பத்திரிகையாளர்கள்தான் அதை முடித்துவைத்தார்கள். ஒரு அழைப்பில் தீரும் சந்தேகத்தை அழைக்காமலேயே வெளியிட்டவர்கள் இருந்தார்கள் என்பதே இதில் கவனிக்க வேண்டியது.

மூன்று வகைப் பொய்

சரிபார்ப்பு பற்றிய விவாதத்தில் மூன்று வேறு பொருட்களை ஒன்றாகப் போட்டுக் குழப்புவதால் தவறான மருந்துகள் முன்மொழியப்படுகின்றன. முதல் வகை, உண்மையான படத்துக்குப் பொய்யான விளக்கம். 2023 மார்ச்சில் தமிழகத்தில் பீகார் தொழிலாளர்களை அடித்துக் கொல்கிறார்கள் என்று பரவிய காணொளிகளில் பிற மாநிலங்களில் நடந்த, தொடர்பே இல்லாத சம்பவங்கள் இருந்தன. காட்சி அசல்தான், ஊரும் காரணமும் பொய். அன்றைய காவல்துறைத் தலைவர் சைலேந்திரபாபு மறுத்துப் பேசினார். பீகாரிலிருந்து அதிகாரிகள் குழு நேரில் வந்து பார்த்தது. அதற்குள் தொழிலாளர்கள் பலர் பயந்து ரயில் ஏறியிருந்தார்கள். இரண்டாம் வகை, வெட்டி ஒட்டிய படம். மூன்றாவது, கணினியே உருவாக்கும் முகமும் குரலும்.

மூன்றாம் வகைக்கு நம் நாட்டில் பலரும் அறிந்த சான்று 2023 நவம்பரில் பரவிய, நடிகை ராஷ்மிகா மந்தனாவின் பொய்க் காணொளி. வேறொரு பெண் அக்டோபரில் தன் இன்ஸ்டாகிராம் பக்கத்தில் இட்ட காட்சி அது. லிஃப்டுக்குள் அவர் நுழையும் அந்த முதல் நொடியில் அவருடைய சொந்த முகமே தெரிகிறது. அடுத்த கணம் அது நடிகையின் முகமாக மாறுகிறது. நிறுத்தி நிறுத்திப் பார்த்தவர்களுக்கு அந்த மாற்றம் அகப்பட்டது. ஆனால் சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபித்தது அந்த நொடியை விட, அசல் காணொளி இருந்த பக்கம்தான். 2024 ஜனவரியில் டெல்லி காவல்துறை ஆந்திராவில் ஒரு இளைஞரைக் கைது செய்தது. அந்த நடிகைக்காக நடத்திய ரசிகர் பக்கத்தைப் பின்தொடர்பவர்களைப் பெருக்கவே இதைச் செய்தார் என்பது காவல்துறை சொன்ன காரணம். இதில் பாதிக்கப்பட்ட பெண்கள் இருவர்: முகம் திருடப்பட்டவர் ஒருவர், உடல் திருடப்பட்டவர் இன்னொருவர். முகம் திருடப்பட்டவருக்காகப் பேசிய குரல்களில் சிறு பங்கே மற்றவருக்காக எழுந்தது.

சட்டம் தரும் விடை

பொய் பரப்புவோரைத் தண்டித்தால் பொய் குறையும் என்பது பழைய நம்பிக்கை. லட்சுமிகாந்தனின் உரிமம் ரத்தானது முதல், 2016இல் ஜெயலலிதாவின் உடல்நிலை பற்றிப் பதிவிட்ட பலர் கைதானது வரை இதே வழிதான். ராஷ்மிகா வழக்கைப் போலக் குறிப்பிட்ட ஒருவர், குறிப்பிட்ட இன்னொருவருக்குச் செய்த தீங்கில் சட்டத்துக்கு இடம் உண்டு என்பதை மறுக்க முடியாது. 2015இல் சென்னை உயர் நீதிமன்றம் ரஜினிகாந்தின் வழக்கில், அவருடைய பெயரையும் சாயலையும் அனுமதியின்றிப் படத்தில் பயன்படுத்தத் தடை விதித்தது. அந்த வழி பொய்ப்படங்களுக்கு எதிராகவும் பயன்படும். ஆனால் நீதிமன்றம் வரை போகப் பணமும் பெயரும் உள்ளவர்களுக்கே அது எளிது.

பொதுவான வதந்திக்கு வரும்போது சட்டம் வேறொரு ஆபத்தைக் கொண்டுவருகிறது. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66ஏ பிரிவை உச்ச நீதிமன்றம் 2015 மார்ச் 24 அன்று நீக்கியது. வரையறையற்ற சொற்களால் நியாயமான பேச்சும் அதில் சிக்கும் என்பது முக்கியக் காரணம். தன்னைப் பற்றிய செய்தி பொய்யா என்று மத்திய அரசின் பிரிவே முடிவு செய்யும் 2023ஆம் ஆண்டு விதியை பம்பாய் உயர் நீதிமன்றம் 2024 செப்டம்பரில் ரத்து செய்தது. தமிழக அரசும் 2023இல் தனக்கென ஒரு தகவல் சரிபார்ப்பகத்தை அமைத்தது. புலம்பெயர் தொழிலாளர் வதந்தி போன்ற நேரங்களில் அரசு வேகமாகப் பேச வேண்டும் என்பது சரியே. ஆனால் பேசுவது வேறு, தீர்ப்புச் சொல்வது வேறு. 75 நாட்கள் ஒரு முதல்வரின் நிலையைப் பற்றித் தெளிவாகப் பேசாதிருந்த தரப்பு, பேசிய குடிமக்களைக் கைது செய்தது. தகவலைத் தர வேண்டியவரே உண்மையின் நீதிபதியாகவும் இருந்தால் நேர்வது அதுதான்.

கருவி தரும் விடை

இரண்டாவது விடை தொழில்நுட்பம். படத்தைக் கொண்டே படத்தைத் தேடும் வசதியை 2008இல் டின்ஐ தந்தது. 2011இல் கூகுளும் தந்தது. பழைய படத்தைப் புதிதென்று சொல்லும் முதல் வகைப் பொய்க்கு இதைவிட எளிய மருந்து இல்லை. காணொளியாக இருந்தால் அதிலிருந்து சில காட்சிகளை நிறுத்தி எடுத்து ஒவ்வொன்றாகத் தேடலாம். படத்தோடு அது பிறந்த வரலாற்றையும் இணைத்தே அனுப்பும் பொது முறை ஒன்றுக்காக அடோபி, மைக்ரோசாஃப்ட், பிபிசி முதலிய நிறுவனங்கள் 2021இல் கூடின. இந்த முயற்சிகள் வரவேற்கத் தக்கவை. ஆனால் வாட்ஸ்அப் வழியாக வரும் படம் சுருங்கியும் உள்விவரங்களை இழந்தும்தான் வந்து சேர்கிறது. பத்துக் கை மாறிய படத்தில் கருவி தேடும் தடயங்கள் மிச்சமிருப்பது அரிது. இணையத்தில் இதற்கு முன் வராத புதுப் படமென்றால் தேடலும் வெறுங்கையோடு திரும்பும். அப்படித் திரும்புவதைப் படம் உண்மை என்பதற்குச் சான்றாக எடுத்துக்கொள்வோரும் உண்டு. அது பெரும் பிழை.

கருவியின் எல்லையை உலகுக்குக் காட்டிய நிகழ்வுகளில் ஒன்று தமிழகத்திலேயே நடந்தது. 2023 ஏப்ரலில் அப்போதைய நிதியமைச்சர் பழனிவேல் தியாகராஜனின் குரல் என்று இரண்டு ஒலித்துண்டுகள் வெளிவந்தன. அவை போலி என்று அவர் மறுத்தார். ‘ரெஸ்ட் ஆஃப் வேர்ல்ட்’ இதழ் அவற்றைத் தனி வல்லுநர்களிடம் கொடுத்துச் சோதித்தது. ஒன்றைப் பற்றி உறுதியாகச் சொல்ல முடியவில்லை. மற்றொன்று அசல் என்பது அவர்கள் கருத்து. ஒரு நிமிடத்துக்கும் குறைவான ஒலியில் கைதேர்ந்தவர்களுக்கே இந்த நிலை. செஸ்னி, சிட்ரன் என்ற அமெரிக்கச் சட்ட அறிஞர்கள் இதன் மறுபக்கத்தை முன்பே எச்சரித்திருந்தார்கள். போலி செய்வது எளிது என்று எல்லோருக்கும் தெரிந்துவிட்டால், உண்மையிலேயே சிக்கியவரும் ‘இது போலி’ என்று சொல்லித் தப்பலாம். மறைந்த கருணாநிதி 2024 ஜனவரியில் கணினி உருவாக்கிய உருவத்தில் திரையில் தோன்றி டி.ஆர். பாலுவின் நூலை வாழ்த்தினார். அடுத்த மாதம் அ.தி.மு.க. ஜெயலலிதாவின் குரலை மீட்டுத் தந்தது. இவை போலி என்று அறிவித்தே செய்தவை. ஆனாலும் கண்ணும் காதும் மட்டும் இனிச் சாட்சியாகா என்பதை இவை தமிழர்களுக்குப் பழக்கிவிட்டன.

சரிபார்ப்போரும் பயிற்சியும்

மூன்றாவது விடை, இதையே தொழிலாகச் செய்யும் அமைப்புகள். தமிழில் யூடர்ன், தேசிய அளவில் ஆல்ட் நியூஸ், பூம் போன்றவை செய்யும் பணியின் மதிப்பு பெரிது. எங்கிருந்து எடுத்த படம், எந்தத் தேதி, யாரிடம் கேட்டோம் என்று படிப்படியாகக் காட்டுவது அவர்களுடைய சிறப்பு. முடிவை நம்பச் சொல்லாமல் வழியைத் திறந்து வைக்கிறார்கள். அவர்களுடைய பலவீனம் நேரம். சோரோஷ் வோசூகி குழுவினர் 2018இல் ‘சயன்ஸ்’ இதழில் வெளியிட்ட ஆய்வில் ட்விட்டரில் பரவிய சுமார் 1,26,000 செய்திகளை எடுத்துக்கொண்டார்கள். 1,500 பேரை எட்ட, பொய்யை விட உண்மைக்கு ஏறக்குறைய ஆறு மடங்கு நேரம் தேவைப்பட்டது. பரப்பியவை பெரும்பாலும் இயந்திரக் கணக்குகள் என்ற எண்ணத்தையும் அந்த ஆய்வு மறுத்தது, பரப்பியவர்கள் மனிதர்களே. ஆகவே வேகத்தைக் குறைப்பது உதவுகிறது. 2018இல் இந்தியாவில் ஒரே நேரத்தில் ஐந்து உரையாடல்களுக்கு மட்டுமே ஃபார்வர்டு செய்யலாம் என்று வாட்ஸ்அப் கட்டுப்படுத்தியது. 2020 ஏப்ரலில், பலமுறை கைமாறிய செய்தியை ஒருமுறைக்கு ஒருவருக்கு மட்டும் என்று குறைத்தது. அத்தகைய செய்திகள் 70 விழுக்காடு குறைந்ததாக நிறுவனமே சொன்னது. ஆனால் சுற்றியவற்றில் எத்தனை பொய், எத்தனை பயனுள்ளவை என்பதை அந்தக் கணக்கு சொல்லாது.

நான்காவது விடை வாசகரைத் தயார்ப்படுத்துவது. கேரளத்தின் கண்ணூர் மாவட்டத்தில் 2018இல் ஏறக்குறைய 150 அரசுப் பள்ளிகளில் பொய்ச்செய்தி பற்றிய வகுப்புகள் நடந்தன. இத்தகைய பயிற்சி பலன் தருமா என்பதில் ஆய்வுகள் ஒரே குரலில் பேசவில்லை. சுமித்ரா பத்ரிநாதன் பீகாரில் 1,224 பேரிடம் நடத்திய சோதனையில், வீட்டுக்கே சென்று ஏறத்தாழ ஒரு மணி நேரம் கற்பித்தும் சராசரியில் குறிப்பிடத்தக்க முன்னேற்றம் இல்லை. அதே மாநிலத்தில் பின்னர் 13,000க்கும் மேற்பட்ட மாணவர்களுக்குப் பல வகுப்புகளாக நீண்ட காலம் கற்பித்தபோது நல்ல பலன் தெரிந்தது. ஒரு நாள் கூட்டமும் ஒரு துண்டறிக்கையும் போதாது. பாடத்திட்டத்தோடு சேர்ந்து தொடர்ந்தால் நம்பிக்கை உண்டு என்பதே இவற்றிலிருந்து இப்போதைக்கு எடுக்கக்கூடிய நிதானமான முடிவு.

அருகில் இருப்பவரின் சொல்

மேலே சொன்ன வெற்றிகளை அடுக்கிப் பார்த்தால் பொதுவான ஒன்று தெரிகிறது. கனகாவின் வதந்தி அவரே வந்து நின்றபோது முடிந்தது. திவ்யா ஸ்பந்தனாவுடையது ஒரு தொலைபேசி அழைப்பில் முடிந்தது. ராஷ்மிகா காணொளி, அசலைத் தன் பக்கத்தில் வைத்திருந்தவரால் உடைந்தது. பீகார் குழு திருப்பூருக்கு வந்து பார்த்தபோது அச்சம் தணியத் தொடங்கியது. பிரசாத்தும் சின்ஹாவும் கண்டதும் இதுவே: கண்டவரிடம் மிகை குறைவு, காணாதவரிடம் அதிகம்.

தென்காசி வட்டாரத்தை எடுத்துக்கொள்வோம். ஒரு பிரபல நடிகர் குற்றாலத்தில் வெள்ளத்தில் சிக்கினார் என்று நாளை ஒரு காணொளி வந்தால், சென்னையிலோ சிங்கப்பூரிலோ இருப்பவர் அதில் நீரையும் கூட்டத்தையும் மட்டுமே காண்பார். குத்துக்கல்வலசையிலோ இலஞ்சியிலோ இருப்பவர் வேறு விவரங்களைக் காண்பார். பேரருவியென்றால் அந்தப் பாதுகாப்பு வளைவு எங்கே? ஐந்தருவியென்றால் கிளைகள் எங்கே? பெயர்ப்பலகை மலையாளத்தில் இருந்தால் அது புளியரையைத் தாண்டி ஆரியங்காவுப் பக்கத்துப் பாலருவியாகவும் இருக்கலாமே? இன்று குளிக்கத் தடை இருக்கிறதா என்பதை அருவிக்கரைக் கடைக்காரர் ஒருவரிடம் கேட்டாலே போதும். 2024 மே 17 அன்று பழைய குற்றாலத்தில் திடீர் வெள்ளம் வந்து ஒரு சிறுவன் உயிரிழந்த காட்சி அசலானது. அதே காட்சி அடுத்த சாரல் காலத்தில் ‘இன்று’ என்ற வரியோடு வந்தால் அது பொய். எந்தக் கருவியும் அந்தப் படத்தில் ஒட்டு வேலையைக் கண்டுபிடிக்காது, ஏனென்றால் ஒட்டு வேலையே இல்லை. பொய் முழுக்க அந்த ஒரு வரியில் இருக்கிறது. அந்த வரியை உடைக்கும் அறிவு அந்த ஊரில் இருக்கிறது.

இதற்கு வலுவான மறுப்பு ஒன்று உண்டு. 2018 மே மாதம் திருவண்ணாமலை மாவட்டம் அத்திமூரில், கோயிலுக்கு வந்து குழந்தைகளுக்கு மிட்டாய் கொடுத்த மூதாட்டியைப் பிள்ளை பிடிக்க வந்தவர் என்று கும்பல் அடித்துக் கொன்றது. அந்தக் கும்பலும் சம்பவ இடத்தில்தானே இருந்தது? இருந்தது. ஆனால் அவர்கள் நம்பிய வதந்திக்கு அவர்கள் அருகில் இல்லை. எங்கோ குழந்தைகள் கடத்தப்படுவதாகக் கைபேசியில் வந்த காட்சிகளுக்கும் அவர்களுக்கும் எந்தத் தொடர்பும் இல்லை. அதை ஆராயாமல், எதிரே நின்றவர் மீது ஏற்றினார்கள். இடத்தால் அருகில் இருப்பது மட்டும் போதாது. சொல்லப்படும் செய்திக்கு அருகில் இருக்க வேண்டும், கேட்டறியும் பொறுமையும் வேண்டும். இன்னொரு மறுப்பு, அருகில் இருப்பவருக்கும் சுயநலம் உண்டு என்பது. மருத்துவமனையும் கட்சியும் ஜெயலலிதாவுக்கு மிக அருகில் இருந்தவை. அவற்றின் சொல்லை மக்கள் நம்பவில்லை. இது முழுக்கச் சரி. ஆகவே ஒரே தரப்பின் சொல்லை ஏற்பதை விட, ஒருவரையொருவர் சாராத இரண்டு மூன்று பேர் சொல்வது பொருந்துகிறதா என்று பார்ப்பதே நியாயம். யாருமே தன் பெயரைச் சொல்லிப் பொறுப்பேற்காத படத்துக்கு, அது எவ்வளவு தெளிவாக இருந்தாலும், ஃபார்வர்டு செய்யும் தகுதி இல்லை.

இன்னும் தீராதவை

சட்டம், கருவி, சரிபார்ப்போர், பயிற்சி ஆகிய நான்கும் தேவை. தனிமனிதத் தீங்குக்குச் சட்டம், பழைய படத்துக்குத் தேடல் கருவி, பெரும் வதந்திக்குத் திறந்த சரிபார்ப்பு, அடுத்த தலைமுறைக்குத் தொடர் பயிற்சி என்று அவரவர் எல்லைக்குள் நிறுத்தினால் நான்கும் பயன்படும். முழு விடையாக எதையும் ஏற்க, இதுவரை கிடைத்த சான்றுகள் இடம் தரவில்லை. அதோடு, பொதுவாழ்வில் இருப்பவர்களின் தரப்பு விரைவாகவும் தெளிவாகவும் பேசுவது எந்தத் தண்டனையை விடவும் வதந்தியைக் குறைக்கும் என்று எண்ண 2016இன் அனுபவம் வலுவான காரணம் தருகிறது.

தீராத கேள்விகள் மூன்று. நோயுற்ற தலைவரின் படத்தைக் கேட்கும் உரிமை பொதுமக்களுக்கு எதுவரை உண்டு, நோயாளியின் கண்ணியம் எங்கே தொடங்குகிறது என்பதில் நம்மிடம் ஒத்துக்கொண்ட வரையறை இன்னும் இல்லை. மறையாக்கம் செய்யப்பட்ட தனி உரையாடல்களில் ஓடும் பொய்யை, அந்த அந்தரங்கத்தை உடைக்காமல் எப்படித் தடுப்பது என்பதற்கும் திருப்தியான பதில் கிடைக்கவில்லை. மூன்றாவது, எல்லாவற்றையும் சந்தேகிக்கப் பழகிய சமூகம் உண்மையான சாட்சியத்தையும் புறந்தள்ளிவிடுமா என்பது. கண்ணூரிலும் பீகாரிலும் நடந்தவை போன்ற பயிற்சிகள் பொய்யை மறுப்பதை மட்டுமே கற்றுத் தருகின்றனவா, உண்மையை ஏற்கும் திறனையும் சேர்த்து வளர்க்கின்றனவா என்று தமிழ்ச் சூழலில் அளந்து பார்க்கும் ஆய்வுகள் வர வேண்டும். அதுவரை, அனுப்பும் முன் ‘இதற்குப் பொறுப்பு யார்’ என்று கேட்கும் பழக்கம், செலவு குறைந்ததும் யாருடைய பேச்சுரிமையையும் பறிக்காததுமான காப்பாக இருக்கிறது.